சோறு வடிக்கும் படம்

வடசேரியில் டிராயிங் மாஸ்டர் கோலப்பன் வீட்டில் சினிமா எடுக்கிறார்கள் என்று நாகர்கோவிலில் ஒரு பேச்சு இருந்தது. பேச்சு பொய்யில்லை. என்ன சினிமா என்று கேட்டுவிட்டால்தான் சிரிப்பை அடக்க முடியாது. ராஜா கிடையாது, ராணி கிடையாது, பாட்டும் சண்டையும் கிடையாது. அவன் மனைவி சண்முகவடிவு காலையில் சோறு வடிப்பாள். அதை எடுப்பான். இன்றைக்கு மூன்று விநாடி, நாளைக்கு மூன்று விநாடி, மறுநாள் மூன்று விநாடி. இரண்டு வருடம் மூன்று மாதமாக இதே வேலை. படித்த மனுசன், பள்ளிக்கூடத்தில் அறுபது பிள்ளைகளுக்குப் பூசணிக்காய் வரையச் சொல்லிக் கொடுக்கிறவன், வீட்டில் இந்தக் கூத்து.

கேமரா வந்த கதையும் கூத்துதான். மலைமேல் ரப்பர் எஸ்டேட்டில் இருந்த வெள்ளைக்காரத் துரை ஒருவர் நாற்பத்தெட்டில் சீமைக்குக் கிளம்பினார். அவருடைய நாய் செத்துப்போயிருந்தது. ஒரு போட்டோவை வைத்துக்கொண்டு அந்த நாயைக் கோலப்பன் எண்ணெய்ச் சாயத்தில் வரைந்து கொடுத்தான். துரை அதைப் பார்த்துக் குலுங்கி அழுதார். கண்ணைத் துடைத்துவிட்டு, சாவி முறுக்கினால் ஓடுகிற ஒரு சின்ன சினிமாக் கேமராவை அவன் கையில் வைத்துவிட்டுக் கப்பல் ஏறினார். படம் காட்டுகிற மெஷினைக் கொடுக்க மறந்தாரோ, மனசு வரவில்லையோ, தெரியாது. ஆக, கோலப்பனுக்கு எடுக்க வழி இருந்தது, பார்க்க வழி இல்லை. சுருள் தீர்ந்ததும் தபாலில் பம்பாய்க்குப் போகும். கழுவித் திரும்பி வர ஒன்றரை மாதம் ஆகும். வந்ததை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்ப்பான். ஒவ்வொரு படமும் சுண்டுவிரல் நகத்தில் பாதி. அதில் வடிவும் தெரியமாட்டாள், பானையும் தெரியாது. டப்பாவில் போட்டு, மேலே தேதி எழுதி, அலமாரியில் ஏற்றிவிடுவான்.

எதற்காக இந்தப் பாடு என்று கேட்டால் அவனிடம் ஒரு பதில் இருந்தது. நாள் போகிறது, போகிறது என்று எல்லாரும் சொல்கிறார்கள், அது போவதை எவனாவது கண்ணால் பார்த்திருக்கிறானா? ஒரே இடம், ஒரே நேரம், ஒரே வேலை. அதைத் தினமும் கொஞ்சம் எடுத்து ஒட்டிப் பார்த்தால் நாள் போவது தெரியும். இதற்காக அடுக்களைக் கூரையில் நாலு ஓட்டைப் பிரித்துக் கண்ணாடி ஓடு வைத்தான். எட்டரை மணிக்கு வெயில் நேரே அடுப்பின்மேல் விழும். அப்போது வடிவு வெண்கலப் பானையை இறக்கிச் சரிப்பாள். ஆவி எழும்பும், பானை விளிம்பு தகதகக்கும். அதைப் பார்த்துப் பார்த்து அவனுக்குத் திகட்டவில்லை.

ஆனால் கேமராவுக்குப் பின்னால் இருந்த மனுசனுக்கு மனசு சரியில்லை. ஒன்றரை வருடமாக வடிவு அவனிடம் ஒட்டுவதில்லை. ஐம்பத்திரண்டு ஆடி மாதத்தில் ஒருநாள் தன் பாயைச் சுருட்டிக்கொண்டு அடுக்களைக்குப் போய்விட்டாள்.

"எதுக்குப் பிள்ளே?" என்று கேட்டான்.

"நோன்பு."

"என்ன நோன்பு?"

"அவ்வை நோன்பு. ஆம்பிளை கேக்கப்பிடாது."

அதோடு அவன் வாய் அடைத்துவிட்டது. நாஞ்சில் நாட்டில் பிறந்த எவனுக்கும் அடைக்கும். ஔவையார் நோன்பு பெண்களுடையது. செவ்வாய்க்கிழமை இருட்டில் கூடி, உப்பில்லாத கொழுக்கட்டை அவித்துக் கும்பிடுவார்கள். பாலகன் ஆனாலும் ஆண்வாடை அங்கே ஆகாது. என்ன நடந்தது என்று கேட்கிற புருஷனும் இல்லை, சொல்கிற பெண்டாட்டியும் இல்லை. இரண்டாவது பிள்ளைக்காக ஏதோ கடுமையாக நேர்ந்திருக்கிறாள் என்று அவனாகவே முடிவு செய்துகொண்டான். மாதம் போகப் போக அந்த முடிவும் ஆட்டம் கண்டது. மகள் ஓமனாவைக் குளிப்பாட்டுவது, தலை சீவுவது எல்லாம் அவன் பங்காக வந்தது. வடிவு பிள்ளைக்குக் கரண்டியால் ஊட்டினாள். அதை நாகரிகம் என்று நினைத்து இந்த அசடு பள்ளிக்கூடத்தில் பெருமை வேறு பேசினான். ராத்திரி தனியே படுக்கும்போதுதான் நெஞ்சு வலிக்கும். என்னைப் பிடிக்காமல் போய்விட்டது, இந்தக் கேமராக் கிறுக்கைச் சகிக்க முடியாமல் ஒதுங்கிவிட்டாள் என்று புழுங்குவான்.

கோட்டாற்றில் ஸ்டூடியோ வைத்திருந்த மரியஜானுக்கு ஐம்பத்துநாலு தை மாதம் ஒரு புரொஜக்டர் கிடைத்தது. அதைக் கேட்டதும் கோலப்பன் வானத்துக்கும் பூமிக்கும் குதித்தான். பத்துச் சுருளையும் ஒட்டி ஓட்டினால் நாற்பது நிமிடம். வடிவு அதைப் பார்ப்பாள். தன்னை ஒருத்தன் எத்தனை ஆசையாகப் பார்த்திருக்கிறான் என்று அவளுக்கு விளங்கும். விளங்கினால் மனசு இளகும், பழையபடி வந்து பக்கத்தில் உட்காருவாள். அவனுக்கு வேண்டியது அவ்வளவுதான். ஊர் மெச்ச வேண்டும் என்றெல்லாம் ஆசையில்லை.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாப்பாடு முடிந்ததும் காட்சி. நெல் அறைக்கு ஜன்னல் கிடையாது, அதனால் அதுவே கொட்டகை. பத்தாயத்தின்மேல் வெள்ளை வேட்டியை இழுத்துக் கட்டினார்கள். பக்கத்து வீட்டுப் பெண்கள் நாலைந்து பேர் வந்து உட்கார்ந்தார்கள். ஆரல்வாய்மொழியில் வாழ்க்கைப்பட்டிருந்த கோலப்பனின் அக்காள் தாணம்மாள், செவ்வாய்க்கிழமை நோன்புக்கும் ஆச்சு, தம்பி படத்துக்கும் ஆச்சு என்று பெட்டியோடு வந்திருந்தாள். ஓமனா அவள் மடியில். வடிவு மட்டும் உட்காரவில்லை. கதவை ஒட்டி நின்றாள்.

"லேய் கோலப்பா, சோறு வடிக்கதைப் பாக்கவா என்னை மெனக்கெட்டு வரச்சொன்னே? எனக்க வீட்டிலே நான் வடிக்காததா?" என்றாள் தாணம்மாள்.

"இரு அக்கா, பாரு."

"சாரே, வெளிச்சம் உள்ளே வருது. அந்தக் கதவைச் சாத்தும்" என்றான் மரியஜான். மெஷின் கடகடவென்று ஓடத் தொடங்கியது.

வேட்டியில் வடிவு வந்தாள். குனிந்தாள், இரண்டு கையிலும் கரித்துணியைச் சுற்றிப் பானையைத் தூக்கினாள், சரித்தாள். அதற்குள் மறுநாள் வந்துவிட்டது. வேறு சேலை, அதே பானை. மறுநாள். மறுநாள். ஜனங்கள் முதலில் சிரித்தார்கள், பிறகு வாயைப் பிளந்துகொண்டு பார்த்தார்கள். மழைக்காலம் வந்து அடுக்களை இருண்டது, வெளுத்தது. உறியில் தொங்கிய பூசணிக்காய் மறைந்தது, வேறொன்று வந்தது. வாசற்படியில் தவழ்ந்த ஓமனா நிலையைப் பிடித்து நின்றாள், ஒரு நொடியில் நடந்தாள். ஓடிவந்து அம்மாவின் காலைக் கட்டிக்கொண்டாள். வடிவு பானையை விட்டுவிட்டு அவளை இடுப்பில் தூக்கி மூக்கோடு மூக்கு உரசினாள். மறுநாளும் தூக்கினாள். தாணம்மாள் மடியில் இருந்த பிள்ளை, "அது நானு, அது நானு" என்றது. கோலப்பன் சந்தோஷத்தில் முன்னால் நகர்ந்து உட்கார்ந்தான். நாள் போவதை அவன் கண்ணால் பார்த்துக்கொண்டிருந்தான்.

நாலாவது சுருள் பாதியில் ஏதோ ஒன்று இடறியது. என்னவென்று உடனே பிடிபடவில்லை. வடிவு குனிந்தாள், தூக்கினாள். வலது கையில் கரித்துணி இருந்தது. இடது கையில் இல்லை. மறுநாள் இரண்டிலும் இருந்தது. அடுத்த நாள் மறுபடியும் இடது கை வெறுங்கை. பிறகு வந்த நாட்களில் எல்லாம் வெறுங்கைதான். கொதிக்கிற வெண்கலத்தின்மேல் ஐந்து விரலும் பதிந்து நின்றன.

தாணம்மாளும் பார்த்துவிட்டாள். "ஏட்டி வடிவு, உனக்கக் கை இரும்பாட்டி? நமக்குத் தொட்டா தோலு உரிஞ்சு போவும்."

"அடுப்பிலே கெடந்து கெடந்து காய்ச்சுப் போவும் மைனி. எனக்க அம்மைக்கும் அப்பிடித்தான், தீக்கங்கைக் கையாலே எடுப்பா" என்று பக்கத்து வீட்டுக்காரி ஒருத்தி பெருமையாகச் சொன்னாள். மற்றவர்களும் ஆமாம் போட்டார்கள். அங்கே அது ஒரு கெட்டிக்காரத்தனம். சூடு தாங்குகிற கை உள்ளவள் நல்ல குடும்பக்காரி.

வடிவு இடது கையை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டாள்.

"மரியஜான், கொஞ்சம் மெதுவா ஓட்டும்" என்றான் கோலப்பன். அவன் குரல் அவனுக்கே வேறு யாருடையதோ போலக் கேட்டது.

படம் மெதுவாக ஓடியது. முன்பெல்லாம் வடிவின் கண் பானையில் இருக்கும். இப்போது பானையில் இல்லை. கை வெண்கலத்தில் இருக்கிறது, ஆவி முகத்தில் அடிக்கிறது, அவள் நேரே கேமராவைப் பார்க்கிறாள். ஒரு சுளிப்பு இல்லை. மறுநாளும் பார்த்தாள். அதற்கு மறுநாளும் பார்த்தாள். இப்போதாவது கேமராவைப் பார்க்கிறாளே என்று அன்றைக்கு அவன் மகிழ்ந்துபோனான். இப்போது அவன் அந்தக் கையைத்தான் பார்த்தான். சூடு தெரியாத கை என்றால் என்னவென்று அந்தப் பக்கத்தில் எல்லாருக்கும் தெரியும். பெருவியாதி என்பார்கள். குஷ்டம் என்று வாய்விட்டுச் சொல்லப் பயம்.

பிள்ளை ஓடிவந்தது. கையை நீட்டித் தூக்கச் சொன்னது. வடிவு பானையைச் சுற்றி மறுபக்கம் போனாள். மறுநாள் பிள்ளை வந்தது, வடிவு முழங்கையால் தள்ளினாள். பிள்ளை அழுதது. மறுநாள் வந்தது, தள்ளினாள். அப்புறம் பிள்ளை வாசற்படியோடு நின்றுகொண்டது. அதற்குப் பிறகு கையை நீட்டவும் இல்லை. படியில் உட்கார்ந்து கரண்டியை வைத்துத் தரையைத் தட்டிக்கொண்டிருந்தது. பழகிவிட்டது. அடுப்பின் இடது மூலையில் ஒரு தட்டும் ஒரு செம்பும் புதிதாக வந்து தனியே உட்கார்ந்திருந்தன. எத்தனை மாதமாக இருந்தனவோ, கடவுளுக்குத்தான் வெளிச்சம். இத்தனையும் அவன் எடுத்ததுதான். ஒரு நாள்கூட விடாமல், ஒரு கண்ணை மூடி, ஒரு கண்ணால் உற்றுப் பார்த்து எடுத்தது.

"லேய், அவ ஏன் பிள்ளையைத் தூக்கமாட்டேங்கா?" என்றாள் தாணம்மாள். இப்போது அவள் குரலில் வேடிக்கை இல்லை.

"நோன்பு அக்கா. அவ்வை நோன்பு."

"முப்பது வருசமா நான் அந்த நோன்பு எடுக்கேன். அதிலே பிள்ளையைத் தொடப்பிடாதுன்னு உனக்கு ஆருலே சொன்னா?"

அதற்குள் ஏழாவது சுருள் வந்துவிட்டது. வேட்டியில் வடிவு பானையை இறக்கி வைத்தாள். நிமிர்ந்தாள். இரண்டு எட்டு முன்னால் வந்து, இடது கையை விரித்துக் கேமராவுக்கு நேரே பிடித்தாள்.

அந்த நாள் அவனுக்கு நன்றாக நினைவிருந்தது. கோபத்தில் மறைக்கிறாள் என்று நினைத்து, "கையை மாத்து பிள்ளே, மறைக்குது" என்று அதட்டியிருந்தான். அவள் மறைக்கவில்லை. காட்டியிருக்கிறாள். உள்ளங்கை முழுக்கத் தீப்பட்ட வடு, ஒன்றின்மேல் ஒன்றாக, கறுப்பும் வெளுப்புமாக. சுண்டுவிரலும் மோதிரவிரலும் நிமிராமல் உள்ளே மடங்கியிருந்தன. மூன்று விநாடி. மெதுவாக ஓட்டியதால் ஆறு விநாடி.

கோலப்பன் எழுந்து தன் உள்ளங்கையால் லென்ஸை மூடினான். வேட்டி இருண்டது.

"படம் அறுந்துபோச்சு" என்றான்.

மெஷின் ஓடிக்கொண்டுதான் இருந்தது. மரியஜான் அவன் முகத்தைப் பார்த்தான். பிறகு விளக்கை அணைத்து, "ஆமா, அறுந்துட்டு. இனி ஓடாது, எல்லாரும் எழும்புங்க" என்றான். பெண்கள் முணுமுணுத்துக்கொண்டே எழுந்து போனார்கள். தாணம்மாள் மட்டும் தம்பியை ஒரு நிமிடம் உற்றுப் பார்த்தாள். என்ன நினைத்தாளோ, ஓமனாவைத் தோளில் போட்டுக்கொண்டு, "நான் பிள்ளையைக் குளத்தங்கரைப் பக்கம் காத்தாடக் கொண்டு போறேன்" என்று வெளியே போய்விட்டாள். கதவருகே வடிவு இல்லை.

பொய் சொல்லக்கூடாது. கோலப்பனுக்கு முதலில் வந்தது பயம்தான். தன் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். வேட்டியில் துடைத்தான். அவள் வடித்த சோற்றைத்தான் இரண்டு மணி நேரத்துக்கு முன் தின்றிருந்தான். துடைக்கிறோம் என்று தெரிந்ததும் வெட்கம் வந்து கையை விட்டான்.

மரியஜான் சுருளைக் கழற்றி டப்பாவில் போட்டபடி தாழ்ந்த குரலில் பேசினான். "சாரே, நான் ஒண்ணும் பாக்கல்லே. கேட்டேளா? ஆனா ஒண்ணு சொல்லுகேன். எனக்க அக்கா நர்ஸம்மா. இந்த நோயிக்கு இப்போ மாத்திரை வந்துட்டு. பண்டு மாதிரி இல்லே. தின்னுட்டு வீட்டிலே இருக்கவங்களை நான் பாத்திருக்கேன். நாளைக்குக் காலம்பற வீட்டம்மாவைக் கூட்டிட்டு வாரும், நானே ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போறேன்."

கோலப்பன் தலையை ஆட்டினான். கால் தானாக அடுக்களைக்குப் போனது.

வடிவு அடுப்பருகே நின்றிருந்தாள். முந்தானைக்குள் இடது கை இருந்தது. அவனைக் கண்டதும் அதை வெளியே எடுத்துத் தொங்கவிட்டாள். இனி என்ன மறைக்க இருக்கிறது?

"எப்போருந்து?"

"அந்த ஆடியிலேருந்து. முன்னே வெரலு மரத்துது, பொறவு கை. முதுகிலே ஒரு தேமல் உண்டு. குத்தினாலும் தெரியாது."

"எனக்கிட்டே ஒரு வார்த்தை சொல்லப்பிடாதா வடிவு?"

"எப்பிடிச் சொல்லுவேன்? சொல்லணும்னா அந்தப் பேரை வாயிலே எடுக்கணும். எங்க அப்பாக்கத் தங்கச்சி ஒருத்தி இருந்தா. அவளுக்கும் இதுதான். அவ சொன்னா. சொன்ன அன்னைக்கே மாட்டுத் தொழுத்துக்குப் பின்னாலே ஓலையாலே ஒரு குச்சிலு கெட்டி அங்கன இருத்திட்டாங்க. ஒம்பது வருசம் கெடந்தா. சோத்தை வச்சிட்டு ஓடிருவோம். நானும் ஓடியிருக்கேன். எனக்கு அப்போ எட்டு வயசு. ஏட்டி நில்லு, ஒருக்கா மொகத்தைக் காட்டீட்டுப் போன்னு கூப்பிடுவா."

கோலப்பன் அடுப்பு மூலையில் தனியே இருந்த தட்டையும் செம்பையும் பார்த்தான்.

"வாயாலே சொல்ல ஏலல்லே" என்றாள் அவள். "அப்போதான் தோணிச்சு, இந்த மனுசன் தெனமும் எனக்க முன்னாலே வந்து நிக்காரே. இப்பிடிக் கண்ணை வச்சுப் பாக்காரே. ஊரிலே எந்த ஆம்பிளை பெண்டாட்டியை இப்பிடிப் பாக்கான்? நான் சொல்லாண்டாம், இவரே கண்டுபிடிச்சிருவாருன்னு நெனச்சேன். அதுக்குத்தான் கரித்துணியைத் தூர வச்சேன். இல்லைன்னா எனக்குத் துணிக்கா பஞ்சம்?"

"நீ வேணும்னா செஞ்சே?"

"வேணும்னுதான் செஞ்சேன். இன்னைக்குப் பாப்பாரு, நாளைக்குப் பாப்பாருன்னு ஐநூறு நாளு கையைச் சுட்டுப் பொள்ளினேன். ஒருநாளு கிட்ட வந்து விரிச்சும் காட்டினேன். நீங்க கையை மாத்தச் சொன்னிய. நீங்க பானையிலே வெயிலு விழுகதைத்தான் பாத்திய. என்னைப் பாக்கல்லே."

அவள் அழவில்லை. அழுதிருந்தால் அவனுக்குக் கொஞ்சம் சுலபமாக இருந்திருக்கும். அவனால் தாங்க முடியவில்லை. கடைசியில், "மாத்திரை வந்திருக்காம். நாளைக்குப் போவோம்" என்று எப்படியோ சொல்லி முடித்தான்.

"மாத்திரையா?" என்றாள். அப்போதுதான் அவள் குரல் முதல்முறையாக உடைந்தது. "சொகமாவுமா?"

"ஆவுமாம். வீட்டிலே இருந்தே திங்கலாமாம்."

அவள் நம்பவில்லை என்பது தெரிந்தது. ஆனாலும் பேசத் தொடங்கினாள். ஒன்றரை வருடமாகப் பேசாததெல்லாம் வாயில் வந்தது. நாளைக்குப் போனால் ஓமனாவை யாரிடம் விடுவது, தாணம்மாள் மைனி ரெண்டு நாள் கூட இருப்பாளா, பிள்ளைக்கும் ஒருக்கா பார்த்துவிட வேண்டும், அதன் கால் முட்டில் ஒரு வெளுப்பு இருந்தது, தேங்காயெண்ணெய் போட்டு மாறிவிட்டது, ஆனாலும் பார்த்துவிட வேண்டும், பிள்ளை ராத்திரி தூக்கத்தில் அம்மா என்று கூப்பிடும், அடுக்களையில் கிடந்து கேட்டுக்கொண்டே கிடப்பேன் என்று நிறுத்தாமல் சொன்னாள். கோலப்பன் பக்கத்தில் வந்து நின்றான். தொங்கிக்கொண்டிருந்த அவளுடைய இடது கையைத் தன் கையில் பிடித்தான். வறண்டு, மரப்பட்டை போலச் சொரசொரத்தது. அவள் கையை இழுக்கவில்லை, தூர விலகவும் இல்லை, பிள்ளையைப் பற்றியே சொல்லிக்கொண்டிருந்தாள். அவன் இன்னும் இறுக்கிப் பிடித்தான். அப்போதும் அவள் பேச்சு நிற்கவில்லை.

மூக்கைச் சிந்த முந்தானையை எடுக்கக் குனிந்தபோதுதான், அவன் பிடித்திருப்பதை அவள் பார்த்தாள்.